பாக்கி பன்னிரண்டு லட்சம்: 420 போட முடியுமா?

கேள்வி:

வக்கீல் சாருக்கு வணக்கம். தாராவியில் காலா கில்லா பக்கம் லெதர் பேக், பர்ஸ் தைக்கும் சின்னப் பட்டறை வைத்திருக்கிறேன். ஆறு காரிகர்கள். 2022-லிருந்து மஸ்ஜித் பந்தரில் ஒரு மொத்த வியாபாரிக்கு உதாரியில், அதாவது கடனுக்கு, மால் கொடுத்து வந்தேன். முதல் இரண்டு வருஷம் முன்னே பின்னே ஆனாலும் பணம் வந்துவிடும். அப்புறம் இழுக்க ஆரம்பித்தார். 7,90,000 ரூபாய் பாக்கி நின்றதும், இனிமேல் கையில் காசு, அப்புறம்தான் மால் என்று நிறுத்திவிட்டேன். இரண்டு மாதம் கழித்துத் திரும்ப வந்தார். துபாயிலிருந்து பெரிய ஆர்டர் கிடைத்திருக்கிறது என்று வாட்ஸ்அப்பில் ஒரு பி.டி.எஃப். அனுப்பினார். "இந்த ஒரு லாட்டை மட்டும் கொடு, பழைய பாக்கியையும் சேர்த்துத் தீர்த்துவிடுகிறேன்" என்று 4,60,000 ரூபாய்க்கு மூன்று மாதம் தள்ளித் தேதி போட்ட செக் ஒன்றும் தந்தார். நம்பிக் கொடுத்தேன். பத்தே நாளில் அதே பைகள் நான் போட்ட விலைக்கும் குறைவாக பஜாரில் விற்பதை என் மச்சான் பார்த்துவிட்டு வந்தான். போய்ச் சத்தம் போட்டதும் 50,000 மட்டும் ஜிபேயில் அனுப்பினார். தேதி வந்ததும் செக்கைப் போட்டேன். 'கணக்கு மூடப்பட்டது' என்று திரும்பிவிட்டது. பன்னிரண்டு நாள் ஆகிறது. அந்த துபாய் கம்பெனியில் வேலை பார்க்கும் எங்கள் ஊர்க்காரர், அப்படி ஓர் ஆர்டரே இல்லை என்கிறார். போலீஸ் ஸ்டேஷனில், இது சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போ என்று அனுப்பிவிட்டார்கள். இடையில் ஒருவர், பத்து சதவீதம் கொடுத்தால் 420 போட வைத்து ஒரே வாரத்தில் வசூலித்துத் தருகிறேன் என்கிறார். 420 போட முடியுமா, முடியாதா?

பெயர் வேண்டாம் என்ற வாசகர், தாராவி, மும்பை

பதில்:

அண்ணாச்சி, 420-ஐக் கொஞ்சம் தள்ளி வையுங்கள். உங்கள் கடிதத்தில் என்னைப் பதற வைத்தது வேறொரு வரி: 'பன்னிரண்டு நாள் ஆகிறது.'

செக் திரும்பிய தகவல் வங்கியிலிருந்து உங்களுக்குக் கிடைத்த நாளிலிருந்து 30 நாளுக்குள், செக் தொகையைக் கேட்டு எழுத்தில் நோட்டீஸ் போயாக வேண்டும். செலாவணி முறி ஆவணச் சட்டத்தின் 138-ஆவது பிரிவு இந்த ஒரு விஷயத்தில் கறார். நோட்டீஸ் அவர் கைக்குப் போனதும் பணம் கட்ட அவருக்கு 15 நாள். கட்டவில்லை என்றால் அதன்பின் ஒரு மாதத்துக்குள் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் புகார். புகார் தாமதமானால் தகுந்த காரணம் சொல்லி மன்னிப்புக் கேட்கலாம். நோட்டீஸ் தாமதமானால் அந்த வழி இல்லை. செக்கில் போட்ட தேதியிலிருந்து மூன்று மாதம் வரை அதை மறுபடி வங்கியில் போட்டு, புதிதாகத் திரும்ப வைத்து, புதிதாக நோட்டீஸ் விடலாம் என்பது உண்மைதான். ஆனால் இருக்கிற நாளை விட்டுவிட்டு எதற்கு அந்தச் சுற்று? இதைப் படிக்கும்போது உங்களிடம் இன்னும் சில நாள்தான் மிச்சமிருக்கும். நாளைக் காலையே ஒரு வக்கீலைப் பிடியுங்கள். ஸ்பீட் போஸ்டில் அவர் கடைக்கு ஒன்று, வீட்டுக்கு ஒன்று, ஜி.எஸ்.டி. பதிவில் உள்ள முகவரி வேறாக இருந்தால் அதற்கும் ஒன்று. ரசீதுகளைப் பத்திரமாக வையுங்கள்.

கணக்கை மூடிவிட்டால் செக் கேஸ் நிற்காது என்று பஜாரில் ஒரு கதை உண்டு. நம்பாதீர்கள். பணம் போதாமல் திரும்பினாலும், கணக்கு மூடித் திரும்பினாலும் 138 பாயும். தண்டனை இரண்டு வருஷம் வரை சிறை, அல்லது செக் தொகையைப் போல இரண்டு மடங்கு வரை அபராதம், அல்லது இரண்டும். நோக்கம் என்ன, ஏமாற்ற நினைத்தாரா இல்லையா என்று இதில் நீங்கள் நிரூபிக்க வேண்டியதில்லை. செக்கில் அவர் கையெழுத்து இருந்தால், அது கடனுக்குக் கொடுத்த செக் என்றுதான் கோர்ட் எடுத்துக்கொள்ளும். இல்லை என்று காட்டும் பொறுப்பு அவருடையது. வழக்கு நடக்கும்போதே செக் தொகையில் 20 சதவீதம் வரை இடைக்கால நஷ்ட ஈடாகக் கட்டச் சொல்லவும் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு. உங்கள் வங்கிக் கிளை எங்கே இருக்கிறதோ அந்த எல்லைக்குள் வழக்கு. அவர் கடையைத் தேடி நீங்கள் அலைய வேண்டாம்.

இதில் ஒரு முள் இருக்கிறது. அந்த 50,000. செக் கொடுத்த பிறகு, வங்கியில் போடும் முன்பு வந்த பணம் அது. 'அந்த 50,000 இந்த செக்குக்குத்தான், மீதி 4,10,000-தான் பாக்கி, முழுத் தொகைக்கும் செக்கைப் போட்டது தப்பு' என்று எதிர்த்தரப்பு வக்கீல் முதல் நாளே எழுந்து நிற்பார். சும்மா நிற்கமாட்டார், 2022-இல் வந்த ஒரு சுப்ரீம் கோர்ட் தீர்ப்பையும் கையில் வைத்திருப்பார். இடையில் பகுதிப் பணம் வந்திருந்தால் அதைச் செக்கிலேயே குறித்துவிட்டுத்தான் போட வேண்டும் என்கிறது அந்தத் தீர்ப்பு. ஆகவே ஜிபேயைத் திறந்து, அந்தப் பணத்தோடு ஏதாவது குறிப்பு எழுதியிருக்கிறாரா, அன்றைக்கு வாட்ஸ்அப்பில் என்ன பேசினீர்கள் என்று பாருங்கள். எந்தக் கடனுக்கு என்று அவர் சொல்லவில்லை, சூழ்நிலையும் சொல்லவில்லை என்றால், ஒப்பந்தச் சட்டப்படி அதை எந்தப் பாக்கியில் வரவு வைப்பது என்பது உங்கள் இஷ்டம். பழைய 7,90,000-இல் கழித்து 7,40,000 ஆக்கிவிட்டேன் என்று நோட்டீஸிலேயே ஒரு வரி எழுதச் சொல்லுங்கள். உங்கள் பேரேட்டிலும் அப்படியே இருக்கட்டும். இரண்டும் ஒத்துப்போக வேண்டும்.

சரி, இப்போது 420.

முதலில், அந்த எண் இப்போது இல்லை. 2024 ஜூலை 1 முதல் இந்தியத் தண்டனைச் சட்டம் போய் பாரதிய நியாய சன்ஹிதா வந்துவிட்டது. அதற்குப் பின் நடந்த ஏமாற்றுக்கு 318-ஆவது பிரிவு. ஏமாற்றிப் பொருளையோ பணத்தையோ வாங்கிக்கொண்டால் 318-இன் நாலாவது உட்பிரிவு, ஏழு வருஷம் வரை சிறை. எண் மாறினாலும் உள்ளடக்கம் பழசுதான். எவ்வளவு பழசு என்றால், 1860-இல் வெள்ளைக்காரன் எழுதி வைத்த அவுரி உதாரணம் இன்றைய சட்டப் புத்தகத்திலும் அப்படியே உட்கார்ந்திருக்கிறது. நீலச் சாயம் காய்ச்சும் அவுரிச் செடி. யார் இப்போது அவுரி வியாபாரம் செய்கிறார்கள் என்று சிரிப்பு வரும். ஆனால் உங்கள் கேள்விக்கு அந்தச் செடிதான் பதில்.

இவ்வளவு அவுரி தருகிறேன் என்று ஒருவர் முன்பணம் வாங்குகிறார். வாங்கும்போதே கொடுக்கும் எண்ணம் இல்லை. அது ஏமாற்று, குற்றம். அதே மனிதர், அதே முன்பணம். வாங்கும்போது கொடுக்கத்தான் நினைத்தார். பின்னால் பேச்சு மாறிக் கொடுக்கவில்லை. அது குற்றம் இல்லை, சிவில் வழக்குதான். இரண்டிலும் பணம் போனது ஒரே மாதிரி. பறிகொடுத்தவன் வயிற்றெரிச்சலும் ஒரே மாதிரி. வித்தியாசம், கைநீட்டி வாங்கிய அந்த நேரத்தில் வாங்கியவன் மனசில் இருந்தது மட்டும். மனசை எப்படித் திறந்து பார்ப்பது? அவர் அன்று சொன்னதும், அதற்கு முன் செய்ததும், வாங்கிய கையோடு செய்ததும்தான் சாட்சி. பிற்பாடு நடந்துகொண்ட விதத்தை வைத்து ஆரம்ப எண்ணத்தை ஊகிக்கலாம், ஆனால் அதை மட்டுமே அளவுகோலாக வைக்கக் கூடாது என்று 2000-ஆவது ஆண்டில் ஹிருதய ரஞ்சன் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்னது. இன்றும் இந்த விவகாரம் ஒவ்வொன்றிலும் அதைத்தான் எல்லோரும் எடுத்துப் படிக்கிறோம்.

மும்பையில் இதற்குக் கைக்கெட்டும் உதாரணம் ஹெவி டெபாசிட், அதாவது வீட்டை வாடகைக்கு விட மொத்தமாக வாங்கும் பெரிய முன்பணம். ஒரே ஃபிளாட்டைக் காட்டி மூன்று குடும்பத்திடம் ஆளுக்கு ஐந்து லட்சம் டெபாசிட் வாங்கினால், இரண்டாவது ஆளிடம் வாங்கும்போதே அது ஏமாற்று. மூவருக்கும் கொடுக்க அவரிடம் வீடு இல்லை என்பது அவருக்கே தெரியும். ஒரே குடும்பத்திடம் வாங்கிய டெபாசிட்டை, காலி செய்யும்போது கையில் காசில்லாமல் ஆறு மாதம் இழுத்தடித்தால் அது வெறும் பாக்கி.

உங்கள் கணக்குக்கு வருவோம். நீங்கள் பன்னிரண்டு லட்சம் என்று ஒரே தொகையாகப் பார்க்கிறீர்கள். ஸ்டேஷனிலும் அப்படியே சொல்லியிருப்பீர்கள். 'இரண்டு வருஷமா மால் எடுத்தான் சார், பன்னிரண்டு லட்சம் தரல.' இதைக் கேட்ட எந்த அதிகாரியும் சிவில் மேட்டர் என்றுதான் சொல்வார். அவரைத் திட்டிப் பயனில்லை. என் ஜூனியர் காலத்தில் நானும் இதே தப்பைச் செய்திருக்கிறேன். ஒரு துணி வியாபாரிக்காக மாஜிஸ்திரேட் கோர்ட்டில் போட்ட புகாரில், 'எதிரிக்கு ஆரம்பத்திலிருந்தே ஏமாற்றும் எண்ணம் இருந்தது' என்று வீராப்பாக ஒரு வரி எழுதினேன். மாஜிஸ்திரேட் அம்மா பில் பட்டியலைப் புரட்டினார். கண்ணாடியைக் கழற்றி வைத்தார். "ஆரம்பத்திலிருந்தே என்றால் இந்த முப்பத்தெட்டு பில்லுக்குப் பணம் கட்டியது யார் வக்கீல் சாப்?" பின்வரிசையில் சிரிப்புச் சத்தம். அந்தப் புகார் அன்றே படுத்துவிட்டது.

உங்கள் பழைய 7,40,000 அந்த ரகம். இரண்டு வருஷம் கொடுத்தார், வாங்கினார், அப்புறம் தொழில் படுத்ததோ, சீட்டாடினாரோ, கொடுக்க முடியவில்லை. கொடுக்க மனசில்லை என்றே வைத்துக்கொள்ளுங்கள். அந்த மனசு பிற்பாடு வந்தது. இதற்கு 318 போட்டால் ஹைகோர்ட்டில் ரத்தாகிவிடும்.

கடைசி லாட் வேறு. இதை நீங்களே கவனிக்கவில்லை என்று நினைக்கிறேன். உங்கள் கடிதத்தில் பொன்னான ஒரு வரி இருக்கிறது: 'இனிமேல் கையில் காசு, அப்புறம்தான் மால் என்று நிறுத்திவிட்டேன்.' நீங்கள் கதவைச் சாத்திவிட்டீர்கள். அதைத் திறக்க வைத்தது எது? துபாய் ஆர்டர் என்ற பேச்சும், அந்த பி.டி.எஃப்பும், செக்கும். அந்த ஆர்டர் பொய் என்றால், பொய் சொல்லி உங்களைத் தூண்டி, இல்லாவிட்டால் நீங்கள் கொடுத்திருக்கவே மாட்டாத மாலை வாங்கியிருக்கிறார். சட்டம் கேட்கிற மூன்று துண்டும் இதில் வரிசையாக இருக்கிறது: பொய், அதை நம்பி நீங்கள் கொடுத்தது, அந்த நேரத்திலேயே அவரிடமிருந்த கெட்ட எண்ணம். மூன்றாவதற்கு உங்கள் மச்சான் பார்த்தது கைகொடுக்கும். துபாய்க்குப் போக வேண்டிய பை பத்து நாளில் அடிமாட்டு விலைக்கு பஜாரில் ஓடியது என்றால், காசாக்கத்தான் வாங்கினார் என்று ஊகிக்க இடம் இருக்கிறது.

இதில் எல்லாவற்றையும் விடக் கனமான கேள்வி ஒன்று: வங்கிக் கணக்கு எந்தத் தேதியில் மூடப்பட்டது? உங்களுக்கு செக் கொடுத்த தேதிக்கு முன்பா, பின்பா? முன்பு என்றால், இல்லாத கணக்குக்குத் தெரிந்தே செக் எழுதித் தந்து மால் எடுத்திருக்கிறார். பணமே இல்லாத இடத்தின் மீது, திரும்பிவிடும் என்று தெரிந்தே உண்டியல் (செக் மாதிரி பணம் கொடுக்கச் சொல்லி எழுதும் சீட்டு) எழுதித் தந்து சரக்கு வாங்குவது ஏமாற்று என்று அவுரிக்குப் பக்கத்திலேயே இன்னோர் உதாரணமும் சட்டத்தில் இருக்கிறது. அச்சு அசலாக உங்கள் கதை. பின்பு என்றால் வழக்கு செத்துவிடாது, ஆனால் துபாய் பொய்யை நம்பித்தான் நிற்க வேண்டும். மூடிய தேதியை வங்கி உங்களிடம் சொல்லாது. போலீஸ் எழுதிக் கேட்டால் சொல்லும். எஃப்.ஐ.ஆர். வேண்டும் என்று நீங்கள் கேட்பதற்கு நியாயமான காரணமே இதுதான் என்பேன்.

அவர் பக்கம் என்ன சொல்வார்கள் என்பதையும் இப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். இரண்டு வருஷப் பழக்கம், ஒழுங்காகக் கொடுத்தவர், 50,000 அனுப்பவும் செய்தார், துபாய் பார்ட்டி கடைசி நேரத்தில் காலை வாரிவிட்டான், மால் தேங்கி வந்த விலைக்குத் தள்ளினார். மோசமான வாதம் என்று சொல்ல மாட்டேன். அந்த பி.டி.எஃப். பொய் என்று எழுத்தில் நிரூபித்தால்தான் இது உடையும். உங்கள் ஊர்க்காரர் போனில் சொன்னதை வைத்து ஒன்றும் ஆகாது. அந்தக் கம்பெனியின் சொந்த ஈமெயிலிலிருந்து, 'இந்த எண்ணுள்ள ஆர்டரை நாங்கள் தரவில்லை' என்று இரண்டு வரி வாங்கப் பாருங்கள். வாட்ஸ்அப் உரையாடல் உள்ள போனை மாற்றாதீர்கள், விற்காதீர்கள், உரையாடலில் ஒரு வரியைக்கூட அழிக்காதீர்கள். நீங்கள் கோபத்தில் அனுப்பிய கெட்ட வார்த்தை உட்பட எல்லாம் அப்படியே இருக்கட்டும். மின்னணு ஆதாரத்தைக் கோர்ட்டில் வைக்க அதற்குரிய சான்றிதழ் தேவை. வக்கீல் தயார் செய்வார், போன் மட்டும் உயிரோடு இருந்தால் போதும்.

புகார் எழுதும்போது கடைசி லாட்டை மட்டும் எழுதுங்கள். பழைய பாக்கியை, கடன் கொடுப்பதை ஏன் நிறுத்தினீர்கள் என்பதற்கான காரணமாக ஒரே ஒரு வரியில் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுங்கள். 'நம்பிக்கை மோசடி' என்ற வார்த்தையை எழுத்தர் யாராவது சேர்க்கச் சொன்னால் சேர்க்காதீர்கள். கேட்க நன்றாக இருக்கும். சட்டத்தில் அது வேறு குற்றம். உங்கள் தோலைக் கொடுத்து, வெட்டித் தைத்துக் கொடு என்று பக்கத்துப் பட்டறையில் ஜாப் ஒர்க்குக்கு விடுகிறீர்கள், அவர் தோலைத் தூக்கி விற்றுவிடுகிறார் என்றால் அது நம்பிக்கை மோசடி. தோல் உங்களுடையது, அவர் பொறுப்பில் இருந்தது. பில் போட்டு விற்ற பை அப்படி இல்லை. கொடுத்த நிமிஷமே அது அவருடைய பொருள். உங்களுக்கு விலைதான் பாக்கி. டெல்லி ரேஸ் கிளப் வழக்கைச் சொல்கிறேன். குதிரைகளுக்குத் தானியமும் ஓட்ஸும் சப்ளை செய்தவருக்கு ஒன்பது லட்சத்துச் சொச்சம் வரவில்லை என்று உத்தரப் பிரதேசத்தில் கிரிமினல் வழக்குப் போட்டார். 2024 ஆகஸ்டில் சுப்ரீம் கோர்ட் அதை ரத்து செய்தது. விற்ற பொருளில் நம்பிக்கை மோசடிக்கு இடமே இல்லை, ஒரே சம்பவத்தில் ஏமாற்றும் நம்பிக்கை மோசடியும் சேர்ந்து இருக்கவும் முடியாது என்று சொன்னது. இத்தனை காலத்துக்குப் பிறகும் கோர்ட்டுகளுக்கே இந்த வித்தியாசம் பிடிபடவில்லையே என்று வருத்தமும் பட்டது. உங்கள் தொழிலுக்கு இவ்வளவு பொருந்தும் தீர்ப்பு வேறு இல்லை. துரதிர்ஷ்டவசமாக அது எதிராளிக்குத்தான் அதிகம் உதவும்.

ஸ்டேஷனில் மறுபடியும் தட்டிக் கழித்தால் சண்டை போடாதீர்கள். எழுத்தில் கொடுத்து, நகலில் முத்திரை வாங்குங்கள். வாங்க மறுத்தால் அதே புகாரைத் தபாலில் அந்தப் பகுதி டி.சி.பி.க்கு (போலீஸ் துணை கமிஷனர்) அனுப்புங்கள். அதற்கும் அசைவில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் பிரமாணப் பத்திரத்தோடு போய், விசாரிக்க உத்தரவு கேட்கலாம். புகாரில் குற்றம் தெரிந்தால் எஃப்.ஐ.ஆர். போட்டே ஆக வேண்டும் என்று 2013-இல் லலிதா குமாரி வழக்கில் ஐந்து நீதிபதிகள் சொன்னார்கள். ஆனால் வியாபாரக் கொடுக்கல் வாங்கலில் முதலில் ஒரு பூர்வாங்க விசாரணை செய்யலாம் என்று அதே தீர்ப்பு இடமும் விட்டது. போலீஸ் தயங்குவதற்கு இன்னொரு காரணமும் உண்டு. சிவில் தகராறில் எஃப்.ஐ.ஆர். போட்டதற்காக 2025 ஏப்ரலில் உத்தரப் பிரதேசத் தரப்பை 50,000 ரூபாய் கட்டச் சொன்னது சுப்ரீம் கோர்ட். எந்த இன்ஸ்பெக்டருக்கு அது தேவை? அதனால்தான் உங்கள் புகாரின் முதல் பத்தியிலேயே துபாய் பொய்யும், மூடிய கணக்கும் தெரிய வேண்டும் என்கிறேன்.

பத்து சதவீதக்காரர் பற்றி. போக வேண்டாம். நான் அந்தப் பக்கத்திலிருந்தும் வாதாடியிருக்கிறேன். பில் பாக்கிக்காக ஒரு சின்ன வியாபாரியை எஃப்.ஐ.ஆர். இல்லாமலே இரண்டு நாள் ஸ்டேஷனில் உட்கார வைத்து, பொண்டாட்டி நகையை அடகு வைத்துக் கட்ட வைத்தார்கள். பணம் வாங்கியவர் ஜெயித்துவிட்டதாகத்தான் நினைத்தார். பிறகு அந்த வியாபாரி ஹைகோர்ட்டுக்குப் போனார். விளக்கம் கேட்டு வந்த நோட்டீஸில் வாங்கியவர் பெயரும் இருந்தது. ஆள் அனுப்பி கடையை மறிப்பது, வீட்டு வாசலில் நின்று கத்துவது எல்லாம் உங்கள் மேல் மிரட்டல் வழக்காகத் திரும்பும். உங்கள் பணம்தான், உரிமைதான். ஆனாலும் திரும்பும். வந்த தொகையில் அவர் பத்து சதவீதத்தோடு நிற்பார் என்றும் எனக்குத் தோன்றவில்லை.

இனி அந்த 7,40,000. முதல் கேள்வி கொஞ்சம் சங்கடமானது. எல்லாம் ஜி.எஸ்.டி. பில்லா, இல்லை பாதி வரிக் கணக்கில் வராத கச்சா பில்லா? கச்சா என்றால் அந்த அளவுக்கு உங்கள் கை கட்டப்பட்டிருக்கிறது. மால் கொடுத்த சலானில் அவர் கையெழுத்தும், வாட்ஸ்அப்பில் 'மால் வந்தது' என்று சொன்னதும் இருந்தால் அதை வைத்துப் போராட வேண்டும். இரண்டாவது கேள்வி, பட்டறைக்கு உத்யம் பதிவு (சிறு தொழில்களுக்கான அரசுப் பதிவு) இருக்கிறதா, எந்தத் தேதியிலிருந்து?

மால் கொடுத்தபோதே பதிவு இருந்திருந்தால் உங்கள் கையில் நல்ல ஆயுதம் இருக்கிறது. சிறு, குறு தொழில்களுக்கான 2006-ஆம் ஆண்டுச் சட்டப்படி, எழுத்தில் ஒப்பந்தம் இருந்தாலும் அதிகபட்சம் 45 நாளுக்குள் பணம் கொடுத்தாக வேண்டும். ஒப்பந்தமே இல்லை என்றால் 15 நாள். தாண்டினால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தைப் போல மூன்று மடங்கு வட்டி, அதுவும் மாதாமாதம் கூட்டு வட்டி. இதற்கான அரசு இணையதளத்தில் மனு போட்டால் மாநில வசதியாக்கக் கவுன்சிலுக்குப் போகும். முதலில் சமரசம், ஒத்துவராவிட்டால் மத்தியஸ்தத் தீர்ப்பு. அதை எதிர்த்து அவர் கோர்ட்டுக்குப் போக வேண்டுமானால் தீர்ப்புத் தொகையில் 75 சதவீதத்தைக் கட்டிவிட்டுத்தான் போக முடியும். இந்த ஒரு விதி தெரிந்ததும் பேச்சுக்கு இறங்கி வந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். சட்டத்தில் 90 நாளில் முடிய வேண்டும் என்று இருக்கிறது. நடைமுறையில் அதற்கு மேல் ஆகும், மனசைத் தயார் செய்துகொள்ளுங்கள். பதிவு மால் கொடுத்த பிறகுதான் எடுத்தீர்கள் என்றால் பழைய பில்களுக்கு இந்த வழியை நம்ப வேண்டாம். பதிவே இல்லை என்றால் இன்றைக்கே எடுத்துவிடுங்கள். இலவசம். அடுத்த சேட்டுக்காவது உதவும்.

அந்த வழி இல்லாவிட்டால் சிவில் வழக்கு. மூன்று லட்சத்துக்கு மேற்பட்ட வியாபாரப் பாக்கி என்பதால் வணிக வழக்காக வரும். அவசரத் தடை எதுவும் கேட்காவிட்டால் முதலில் சட்டப் பணிகள் ஆணையம் மூலம் சமரசத்துக்கு முயன்றே ஆக வேண்டும். சிட்டி சிவில் கோர்ட்டில் அதன்பின்தான் வாசல் திறக்கும். இதில் எனக்கு உண்மையான கவலை காலக்கெடுதான். பில்லுக்கு மூன்று வருஷம். கடன் தவணை பேசியிருந்தால் அது முடிந்த நாளிலிருந்து, பேசாவிட்டால் மால் கொடுத்த நாளிலிருந்து. பாக்கி நிற்கும் பில்களில் பழசு எது என்று இன்று ராத்திரியே பாருங்கள். கெடு முடிவதற்குள் 'உங்களுக்கு இவ்வளவு தர வேண்டும்' என்று அவர் கையெழுத்தோடு எழுதித் தந்தால் மூன்று வருஷம் புதிதாக ஓடும். சமாதானம் பேச வந்தால் டீ வாங்கிக் கொடுத்து, முதலில் அந்தக் காகிதத்தில் கையெழுத்து வாங்குங்கள். தொகையை எழுத்திலும் எண்ணிலும் எழுதச் சொல்லுங்கள்.

சமாதானம் என்றதும் நினைவுக்கு வருகிறது. நோட்டீஸ் கையில் கிடைத்ததும் உங்களுக்கு போன் வரும் என்பது என் அனுபவம். "கேஸ் வேண்டாம் பாய், மூன்று தவணையில் தருகிறேன்" என்பார். வாங்கலாம், தப்பில்லை. ஆனால் செக்கைத் திருப்பிக் கொடுக்காதீர்கள். புதுச் செக் தந்து பழையதைக் கேட்டாலும் கொடுக்காதீர்கள். கடைசித் தவணை உங்கள் கணக்கில் ஏறிய பிறகு பார்க்கலாம். பேச்சு நடக்கிறதே என்று புகார் கொடுக்கும் கெடுவையும் தவற விட்டுவிடாதீர்கள். 15 நாளும் ஒரு மாதமும் பேச்சுக்காக நின்று காத்திருக்காது.

செக் திரும்பியதற்கு வங்கி கொடுத்த மெமோவை எடுத்துப் பாருங்கள். அதில் போட்டிருக்கும் தேதி வேறாகவும், அது உங்கள் கைக்கு வந்த தேதி வேறாகவும் இருக்கலாம். வந்த தேதியை மெமோவின் பின்பக்கம் பென்சிலில் குறித்து, நாளைக்கு வக்கீலிடம் முதலில் அதைக் காட்டுங்கள்.